ஆர்ட்டீமியா வெறும் மீன் தீனிதானா?

6 ஆகஸ்ட் 2023, மாலை 5.40 (மதுரையிலிருந்து ஒரு வாசகர் கேட்டது)

என் மகளுக்கு ஏழு வயது. அவளுக்காக மீன் கடையில் ஆர்ட்டீமியா, அதாவது உப்புத் தண்ணீரில் வாழும் பொடி இறாலின் முட்டை ஒரு சிறு டப்பா வாங்கினேன். அரை லிட்டர் பாட்டிலில் உப்புத் தண்ணீர் ஊற்றி ஒரு தேக்கரண்டி முட்டையைப் போட்டோம். மறுநாள் காலையில் பாட்டில் முழுவதும் ஆரஞ்சுப் புள்ளிகள் துள்ளின. பள்ளிக்கே போகமாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டாள். அன்றைக்கே ஈஸ்ட் கொஞ்சம் தூவினேன். மூன்றாம் நாள் பாட்டில் நாறியது, ஒன்றுகூட மிஞ்சவில்லை. "அது மீன் குஞ்சுக்குப் போடுகிற தீனி சார், அதற்குமேல் உயிரோடு இருக்காது" என்கிறார் கடைக்காரர். வீட்டில் மாதக்கணக்கில் வளர்ப்பதாகச் சொல்பவர்கள் பொய் சொல்கிறார்களா?

6 ஆகஸ்ட் 2023, இரவு 9.15

பொய் இல்லை தம்பி. என் சமையலறை ஜன்னலில் இந்த நேரத்தில் நாற்பது சொச்சம் நீந்திக்கொண்டிருக்கின்றன. அவற்றில் மூத்ததற்கு இன்று 52 நாள். நன்றாகப் பார்த்துக்கொண்டால் இரண்டு மூன்று மாதம் இருக்கும், ஒரு சென்டிமீட்டர் வரை வளரும், குட்டியும் போடும்.

உங்கள் பாட்டிலில் நடந்தது கொலை. கோபத்தில் சொல்லவில்லை, நானும் முதலில் அதையேதான் செய்தேன். ஒரு கிராமில் 2 லட்சத்துக்கும் மேல் முட்டை இருக்கும். அரை லிட்டரில் ஒரு கரண்டி போட்டால் பொரித்த உடனேயே மூச்சுவிட இடமில்லை. இன்னொன்று, பொரித்த முதல் சில மணி நேரம் குஞ்சுக்கு வாயே திறந்திருக்காது. நீங்கள் பார்த்த ஆரஞ்சு நிறம் அதன் வயிற்றிலிருக்கும் மஞ்சள் கரு, அதைத்தான் அது உண்கிறது. ஒருமுறை தோலுரித்த பிறகே வெளியிலிருந்து சாப்பிடத் தொடங்கும். முதல் நாள் போட்ட ஈஸ்டை யாரும் தின்னவில்லை, அது அழுகியது.

7 ஆகஸ்ட் 2023, காலை 6.30

அளவு கேட்டிருக்கிறீர்கள். ஒரு லிட்டர் தண்ணீருக்கு 30 கிராம் கல்லுப்பு. அயோடின் கலந்த தூள் உப்பு கூடாது. குழாய்த் தண்ணீர் என்றால் ஒரு நாள் வாளியில் திறந்து வையுங்கள், குளோரின் போகட்டும். முட்டை, தீக்குச்சி முனையில் ஒட்டுகிற அளவு போதும். பக்கத்தில் ஒரு விளக்கு எரியட்டும், ஏர் பம்ப் ஓடட்டும். நம் ஊர் வெயிலுக்குச் சூடேற்ற வேண்டியதில்லை, 24 மணி நேரத்தில் பொரித்துவிடும்.

பொரித்ததும் பம்பை நிறுத்துங்கள். ஓடுகள் மேலே மிதக்கும். பாட்டிலின் ஒரு பக்கம் டார்ச் வைத்தால் குஞ்சுகள் எல்லாம் அந்த வெளிச்சத்துக்கு வந்து குவியும். மெல்லிய குழாயால் உறிஞ்சி வேறு தண்ணீருக்கு மாற்றுங்கள். ஓடுகளோடு விட்டால் தண்ணீர் கெட்டுவிடும். உங்களுக்கு நூறு குஞ்சு போதும், மீதியைக் கடைக்காரரின் மீன்களுக்கே கொடுங்கள்.

7 ஆகஸ்ட் 2023, காலை 6.50

ஒன்று விட்டுப்போனது. பம்பின் முனையில் நுண்ணிய குமிழி விடும் கல்லைப் பொருத்தாதீர்கள். பொடிக் குமிழிகள் வளர்ந்த இறாலின் கால்களுக்கிடையில் சிக்கி அதை மேலே தூக்கிவிடும். வெறும் குழாயிலிருந்து மெதுவாகப் பெருங்குமிழி வந்தால் போதும்.

19 ஆகஸ்ட் 2023

"தண்ணீர் குறைந்தது, உப்புத் தண்ணீர் ஊற்றினேன், மறுவாரமும் ஊற்றினேன், இப்போது எல்லாம் மந்தமாக இருக்கின்றன" என்று எழுதியிருக்கிறீர்கள். ஆவியாவது தண்ணீர்தான், உப்பு எங்கும் போவதில்லை. பாட்டிலில் பேனாவால் கோடு போட்டுவைத்து, குறைந்ததை நல்ல தண்ணீரால் நிரப்புங்கள். உப்பள ஊரில் பிறந்தவர்களுக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. அப்பா அளத்தில் கணக்குப்பிள்ளையாக இருந்தவர். பாத்தியில் தண்ணீர் வற்ற வற்ற உப்பின் அடர்த்தியைக் காட்டும் டிகிரி ஏறும், 25ஐ நெருங்கினால் உப்பு விழும் என்பதை எழுத்து படிக்கும் முன்பே கேட்டு வளர்ந்தேன்.

தீனிக்கு என் கணக்கு இது. சுருள்பாசித் தூளை ஒரு கிண்ணம் தண்ணீரில் கரைத்து, மெல்லிய துணியில் வடிகட்டி, சில சொட்டு. இவை காலால் தண்ணீரை வடிகட்டி உண்பவை, பெரிய துகள் வாய்க்குள் போகாது. போட்டதும் லேசாகக் கலங்க வேண்டும், மறுநாளோ அடுத்த நாளோ தெளிய வேண்டும். தெளியாவிட்டால் தெளியும்வரை பட்டினி. இந்த ஒரு விதியை மீறியவர்களின் பாட்டில்தான் நாறுகிறது.

10 செப்டம்பர் 2023

இன்று ஒரு காரியம் செய்தேன், சொல்லாமல் இருக்க முடியவில்லை.

கடை டப்பாக்களில் இருப்பவற்றில் பெரும்பகுதி அமெரிக்காவின் யூட்டா மாநிலத்துப் பெரிய உப்பு ஏரியிலிருந்து வருவது. ஆனால் இந்த உயிர் எங்கள் தூத்துக்குடி அளங்களிலேயே உண்டு. அதை வீட்டில் வைத்து வளர்க்காமல் எங்கிருந்தோ வந்ததை வளர்க்கிறேனே என்று ஒரு மாதமாக உறுத்தல். அளக்காரரிடம் அனுமதி வாங்கி, மகனை அழைத்துக்கொண்டு முத்தையாபுரம் பக்கம் போனோம்.

உப்பு விழும் பாத்தியில் இது இருக்காது. அதற்கு முந்திய, தண்ணீர் கட்டி வற்றவைக்கும் இடங்களில் பார்க்க வேண்டும். மேற்குக் காற்று அடிப்பதால் கிழக்கு வரப்போரம் நுரை ஒதுங்கிக் கிடந்தது. நுரைக்குக் கீழே காப்பித்தூளைக் கொட்டி வைத்ததுபோல ஒரு பழுப்புக் கோடு. விரலால் தொட்டால் பொடிப்பொடியாக ஒட்டியது. அத்தனையும் முட்டை. பாத்தியில் வேலை பார்த்த அம்மா ஒருவர், "பூச்சி முட்டையையா அள்ளுகிறாய், இது கிடந்தால் தண்ணீர் தெளிவாக இருக்கும், கொண்டுபோய்விடாதே" என்றார். அவர் சொன்னது சரி. பாசியைத் தின்று தண்ணீரைத் தெளியவைப்பது இந்த இறால்தான். பாசி மிகுந்தால் உப்பின் தரம் கெடும். ஒரு கைப்பிடி மட்டும் எடுத்துக்கொண்டோம்.

தூத்துக்குடி இறாலைப் பற்றி ஒரு செய்தி. இந்த இனத்தில் ஆண் கிடையாது. பெண் தானாகவே கருவுற்றுப் பெண்ணைப் பெறும், அது இன்னொரு பெண்ணைப் பெறும். எங்கள் ஊரின் சொத்து என்று எனக்கு ஒரே பெருமை.

12 செப்டம்பர் 2023

ஒன்றுகூடப் பொரிக்கவில்லை. இரண்டு நாளாகப் பாட்டிலின் முன்னாலேயே உட்கார்ந்திருக்கிறேன்.

13 செப்டம்பர் 2023

காரணம் தெரிந்தது. தாயிடமிருந்து வந்த புதிய முட்டை உறக்கத்தில் இருக்கிறது. ஈரத்தில் போட்டாலும் விழிக்காது. நன்றாகக் காய்ந்தால்தான் அந்த உறக்கம் கலையும். அளத்தில் அது வரப்பில் ஒதுங்கி வெயிலில் காய்ந்து, மழை வந்து தண்ணீர் இளகும்போது பொரிப்பதற்காக இருக்கிற ஏற்பாடு. அவசரப்பட்டது நான்தான், முட்டை இல்லை.

செய்தது: அடர்ந்த உப்புத் தண்ணீரில் போட்டேன். முட்டை மிதந்தது, மணல் அடியில் தங்கியது. மிதந்ததை எடுத்து, நல்ல தண்ணீரில் சில நிமிடம் விட்டேன். வெற்று ஓடு மிதந்தது, உயிருள்ளது மூழ்கியது. மூழ்கியதைத் துணியில் பரப்பி நிழலில் வைத்திருக்கிறேன்.

26 செப்டம்பர் 2023

பதினான்கு குஞ்சுகள்! மகன்தான் எண்ணினான். கடை முட்டைகள் ஆயிரக்கணக்கில் பொரித்தபோதுகூட இப்படி மகிழ்ந்ததில்லை.

15 அக்டோபர் 2023

ஆகஸ்ட் 7ஆம் தேதி நான் எழுதியதில் ஒரு தவறு. அயோடின் உப்பு கூடாது என்று அடித்துச் சொல்லியிருந்தேன். யாரோ சொன்னதைத் திருப்பிச் சொன்னேனே தவிர, சோதித்துப் பார்க்கவில்லை. சென்னை வாசகர் ஒருவர் தான் அயோடின் உப்பிலேயே வளர்ப்பதாக எழுதினார். நானும் இரண்டு பாட்டில் வைத்தேன், ஒன்றில் அயோடின் உப்பு, ஒன்றில் கல்லுப்பு. இரண்டிலும் ஒரே மாதிரி பொரித்தன, மூன்று வாரமாக ஒரே மாதிரி வளர்கின்றன. அந்த வரியை அடித்துவிட்டுப் படியுங்கள். தூள் உப்பில் தண்ணீர் கொஞ்சம் மங்கலாக இருக்கிறது, அவ்வளவுதான் வேறுபாடு.

கடை முட்டைப் பாட்டில் ஒன்று கூட்டம் மிகுந்துவிட்டது. இன்று அதைக் காலி செய்துவிட்டேன்.

2 நவம்பர் 2023, இரவு

"பூனை, கிளி என்றால் நம்மைத் தெரிந்துகொள்ளும். இதற்கு நம்மைத் தெரியாதே, பிறகு எப்படி வளர்ப்புப் பிராணி?" என்று ஒருவர் கேட்டார். கேள்வி நியாயமானதுதான். இதற்கு என்னைத் தெரியாது. நான் செத்தாலும் தெரியாது. ஆனால் எனக்கு இதைத் தெரிகிறது. எனக்கு அது போதுமாக இருக்கிறது.

ஒரு கைலென்ஸ் வாங்கிக்கொள்ளுங்கள். மார்பில் 11 ஜோடிக் கால்கள். முன்னாலிருந்து பின்னால் வரை ஒன்றையடுத்து ஒன்றாக அசைவது, நெல் வயலில் காற்று ஓடுவதுபோல இருக்கும். அந்தக் கால்களால்தான் நீந்துகிறது, தின்கிறது, மூச்சும் விடுகிறது. கால் நின்றால் எல்லாம் நின்றது. குஞ்சுக்கு நெற்றியில் ஒரே கண். வளரும்போது காம்பின்மேல் இரண்டு கண் முளைக்கும், பழைய கண்ணும் நடுவில் அப்படியே இருக்கும். பச்சைப் பாசி கொடுத்த அன்று குடல் முழுவதும் ஒரு பச்சை நூல்.

எப்போதும் மல்லாந்துதான் நீந்தும், வயிறு வெளிச்சத்தைப் பார்த்து. அறையை இருட்டாக்கிவிட்டு பாட்டிலின் அடியிலிருந்து டார்ச் அடித்துப் பாருங்கள். அத்தனையும் ஒருசேரப் புரண்டு குப்புறக் கவிழும். மேலே விளக்கு போட்டால் மறுபடி மல்லாக்கும். அதைத் தொந்தரவு செய்வதாக நினைத்து நான் அடிக்கடி செய்வதில்லை. விருந்தாளி வந்தால் ஒருமுறை.

5 நவம்பர் 2023

விண்வெளிக்குப் போனது உண்மையா என்று கேட்டவருக்கு: உண்மை. 1972இல் அப்போலோ 16இல் ஆர்ட்டீமியா முட்டைகளைத் தட்டுகளில் பதித்து அனுப்பினார்கள். கனத்த விண்கதிர்த் துகள் துளைத்த முட்டைகள் பல சரியாக வளரவில்லை.

பொம்மையாக விற்றது பற்றியும் கேட்டிருக்கிறீர்கள். அமெரிக்காவில் ஹரால்ட் வான் பிரான்ஹட் என்பவர் 1960 வாக்கில் இதைப் பொட்டலத்தில் போட்டு விற்கத் தொடங்கினார், 1962இல் சீ மங்கீஸ், அதாவது கடல் குரங்குகள் என்று பெயரை மாற்றினார். தண்ணீரைச் சுத்தமாக்கும் தூள் என்ற முதல் பொட்டலத்திலேயே முட்டையும் இருக்கும். அது ஒரு நாள் ஊறி முடித்தபின் இரண்டாம் பொட்டலத்தைக் கொட்டச் சொல்வார்கள், கொட்டியதும் உயிர் துள்ளும். விளம்பரப் படத்தில் கிரீடம் வைத்த குடும்பம் ஒன்று சிரித்துக்கொண்டு நிற்கும். எனக்கு அந்தப் படத்தின் மேல் வருத்தம் உண்டு. மூன்று கண்ணும் 22 காலும் உள்ள உயிருக்கு மனித முகம் எதற்கு? உள்ளபடி காட்டியிருந்தாலே குழந்தைகள் வாய்பிளந்து பார்த்திருப்பார்கள்.

22 டிசம்பர் 2023

நலமா என்று கேட்ட எல்லோருக்கும்: உயிரோடு இருக்கிறோம். 17ஆம் தேதி தொடங்கிய மழை. பக்கத்துக் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் கொட்டியது. எங்கள் வீட்டில் முழங்கால் அளவு தண்ணீர். நான்கு நாள் மின்சாரம் இல்லை. அளங்கள் கடலோடு கடலாகக் கிடக்கின்றன, குவித்து வைத்த உப்பு கரைந்துபோயிற்று. அதில் பிழைப்பவர்களை நினைத்தால் இறாலைப் பற்றி எழுதக் கூச்சமாக இருக்கிறது. பிறகு வருகிறேன்.

7 ஜனவரி 2024

இப்போது எழுதலாம்.

மழை ஏறியதும் மூன்று பாத்திரங்களைப் பரணில் ஏற்றினோம். உயரமான கண்ணாடி ஜாடி இரண்டு, அகலமான பிளாஸ்டிக் டப் ஒன்று. ஜாடிகளில்தான் அதிகம் வைத்திருந்தேன், பம்ப் இருக்கிறதே என்ற தைரியம். பம்ப் நின்ற இரண்டாம் நாளே ஜாடிகள் இரண்டும் போய்விட்டன. டப்பில் தண்ணீர் நான்கு விரல் ஆழம்தான், ஆனால் காற்றுப் படும் பரப்பு அகலம். அதில் இருந்தவை பிழைத்தன. பிழைத்ததோடு, நிறம் மாறியிருந்தன, மங்கலான சிவப்பு. காற்று குறையும்போது இவை உடம்பில் ஹீமோகுளோபினைக் கூட்டிக்கொள்ளும். நம் இரத்தத்தில் உள்ள அதே வகைப் பொருள். மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் அந்தச் சிவப்பைப் பார்த்தபோது தொண்டை அடைத்தது.

ஆகவே ஆகஸ்டில் பாட்டில், பம்ப் என்று நான் சொன்னதைத் திருத்திக்கொள்ளுங்கள். பொரிக்கவைக்க பாட்டில் சரி. வளர்க்க அகலமான டப். கூட்டம் குறைவாக இருந்தால் பம்பே வேண்டாம்.

11 பிப்ரவரி 2024

டப்பில் இரண்டு இறால் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நீந்துகின்றன.

பின்னால் இருப்பதன் தலையில் இரண்டு பெரிய கொக்கிகள். அது ஆண். ஆண் பெண்ணைக் கொக்கியால் இடுப்பில் பற்றிக்கொண்டு நாள்கணக்கில் இப்படி நீந்தும், கடை முட்டையிலிருந்து வந்தவற்றில் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். ஆனால் இது அளத்து டப். இதில் ஆண் இருக்கக் கூடாது.

11 பிப்ரவரி 2024, இரவு 11.00

தூக்கம் வரவில்லை. இரண்டு பாத்திரத்துக்கும் ஒரே வலையைத்தான் பயன்படுத்தினேன். கடை ஜாடியிலிருந்து ஒரு முட்டை வலையில் ஒட்டிக்கொண்டு வந்திருக்கலாம். செப்டம்பரில் பெருமையாக எழுதியதைத் திரும்பப் படித்தேன். வலையை மாற்றத் தோன்றவில்லையே.

18 பிப்ரவரி 2024

அளத்து முட்டை காய்ந்தது கொஞ்சம் மடித்த காகிதத்தில் அலமாரியில் மிச்சமிருந்தது. வெள்ளம் அவ்வளவு உயரம் ஏறவில்லை. அதைப் புதுப் பாட்டிலில், புதுக் குழாயால், யாரையும் தொடவிடாமல் பொரிக்க வைத்தேன். பொரித்த குஞ்சுகளில் 12ஐ எடுத்துப் பாட்டிலுக்கு ஒன்றாக விட்டிருக்கிறேன். எண் எழுதி ஒட்டியாயிற்று. தனியாகவே வளர்ந்த ஒன்று குட்டி போட்டால் அது ஆண் தேவையில்லாத இனம். வேறு சாட்சி வேண்டாம்.

24 மார்ச் 2024

12இல் 9 வளர்ந்தன. 2, 4, 7, 11 ஆகிய நான்கு பாட்டில்களிலும் குஞ்சுகள் துள்ளுகின்றன. தாய் ஒன்றே ஒன்று, பிறந்த நாள் முதல் இன்னொரு இறாலைக் கண்டதில்லை. 3, 5, 12 ஆகிய மூன்றும் பெண்தான், பையில் முட்டை தெரிந்தது, கருவுறாமல் வீணாகிவிட்டது. 6ம் 9ம் ஆண்.

ஆக வலையைக் குறை சொல்ல முடியாது. அந்த ஒரு கைப்பிடியிலேயே இரண்டு இனமும் கலந்திருந்தது. பெண் மட்டும் கொண்ட இனத்திலும் அபூர்வமாக ஆண் பிறப்பதுண்டு என்று ஒருவர் நினைவூட்டினார். உண்டு. ஆனால் ஒன்பதில் இரண்டு அபூர்வமில்லை. ஆண் இல்லாமல் வீணான மூன்று பெண்ணுக்கும் பதில் வேண்டுமே.

இது நான் கண்டுபிடித்ததும் இல்லை. கடை டப்பாவில் வரும் பிரான்சிஸ்கானா என்ற அமெரிக்க இனம் இந்திய உப்பளங்களில் பரவி, ஊர் இனத்தை விரட்டிவருவதாக 2012இலேயே ஆய்வாளர்கள் எழுதிவிட்டார்கள். இறால் பண்ணை, குஞ்சு பொரிப்பகம் என்று இறக்குமதி முட்டை கரையெல்லாம் வந்தது, கழிவு நீரோடு வெளியே போனது.

25 மார்ச் 2024

நேற்று எழுதாத ஒன்று. அக்டோபர் 15ஆம் தேதிக் குறிப்பில் "காலி செய்துவிட்டேன்" என்று ஒரு வரி இருக்கிறது. எங்கே கொட்டினேன் என்று எழுதவில்லை. வீட்டுக்குப் பின்னால் ஓடையில் கொட்டினேன். அந்த ஓடை அளத்துப் பக்கம்தான் போகிறது. நல்ல தண்ணீரில் இறால் செத்திருக்கும், முட்டை சாகாது. டிசம்பர் வெள்ளம் அதை எங்கே கொண்டுபோய்ச் சேர்த்ததோ. ஒரு ஜாடியால் என்ன ஆகிவிடும் என்று ஆறுதல் சொல்லாதீர்கள், ஒவ்வொருவரும் ஒரு ஜாடி என்றுதான் நினைக்கிறோம்.

கடை முட்டை வளர்க்கிறவர்கள் தண்ணீரை மாற்றும்போது பழைய தண்ணீரை அடுப்பில் வைத்து நன்றாகக் கொதிக்கவிட்டு ஊற்றுங்கள். உப்பளம் உள்ள ஊர்க்காரர்கள், தூத்துக்குடி, வேதாரண்யம், மரக்காணம், கேளம்பாக்கம், எங்கே இருந்தாலும், இதைத் தள்ளிப்போடாதீர்கள்.

31 மார்ச் 2024

"ஆண் இனம் வளர்ந்தால் என்ன, அதுவும் உயிர்தானே, அதைக் கொல்லச் சொல்கிறீர்களா?" என்று கேட்கிறீர்கள். இல்லை. 6ஆம் 9ஆம் பாட்டில் ஆண்களும் 3, 5, 12 பெண்களும் இப்போது தனி டப்பில் ஒன்றாக இருக்கின்றன. என் வீட்டில் அவை நிம்மதியாக வாழட்டும். வெளியே விடமாட்டேன், அவ்வளவுதான்.

21 ஏப்ரல் 2024

4ஆம் பாட்டில் தாய் இன்று இறந்தது. 63 நாள். ஐந்து முறை குஞ்சு ஈன்றது. கடைசி மூன்று வாரம் அதன் பிள்ளைகள் இருந்த டப்பில் உப்பைக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றினேன். லிட்டருக்கு 100 கிராம் தாண்டியபின் குஞ்சுக்குப் பதிலாகப் பழுப்பு முட்டை பையில் தெரிந்தது. கஷ்டம் வருகிறது என்று தெரிந்தால் குஞ்சை விடாமல், ஓடு போட்டு முட்டையாக விடுகின்றன. அவற்றை எடுத்து ஒரு வாரம் நிழலில் காயவைத்தேன்.

மதுரைத் தம்பிக்கு: ஒரு சிட்டிகை காகிதத்தில் மடித்து அனுப்புகிறேன். மேலே "தூத்துக்குடி, 4ஆம் பாட்டில்" என்று எழுதியிருக்கும். கடை டப்பா திறந்த கையோடு இதைத் தொடாதீர்கள், வலையும் குழாயும் தனியாக இருக்கட்டும். ஒரு லிட்டர், 30 கிராம், ஒரு விளக்கு. தீக்குச்சி முனையளவு மட்டும் போடுங்கள், மீதியை வைத்துக்கொள்ளுங்கள், அது பல ஆண்டு காத்திருக்கும். மகளிடம் சொல்லுங்கள், முதல் நாள் ஈஸ்ட் வேண்டாம்.